டிஸ்க் உங்களுடையது, கீறலும் உங்களுடையது

கேம் டிஸ்க்கில் கீறல் விழுந்துவிட்டது, என்ன செய்வது என்று நாலு பேரிடம் கேட்டுப் பாருங்கள். ஆளுக்கொரு வைத்தியம் சொல்வார்கள். டூத்பேஸ்ட் தடவித் தேய், வாழைப்பழத் தோலால் துடை, நடுவிலிருந்து ஓரத்துக்கு நேர்கோட்டில் துடை, வட்டமாக மட்டும் துடைத்துவிடாதே... பாட்டி வைத்தியமெல்லாம் தோற்றுவிடும். இத்தனை வைத்தியம் புழங்குவதற்குக் காரணம், உருப்படியான மருந்தை யாரும் எடுத்துக்கொள்ள விடுவதில்லை என்பதுதான். அந்த மருந்து ஒன்றும் பெரிய ரகசியமில்லை. வாங்கிய அன்றே ஒரு நகல் எடுத்து, அதைப் போட்டு விளையாடிவிட்டு, ஒரிஜினலை பீரோவில் வைத்துப் பூட்ட வேண்டும். அவ்வளவுதான்.

இதைச் செய்கிறவரைத்தான் கேம் கம்பெனிகள் திருடர் வரிசையில் நிறுத்துகின்றன. வாய்விட்டுத் திருட்டு என்று சொல்லாத இடத்திலும் செய்ய முடியாதபடி பூட்டு போட்டு வைத்திருக்கின்றன. பூட்டை நெம்பினால் சட்டம் பாயும். காசு கொடுத்து வாங்கியவர் தன் பொருளைத் தானே காப்பாற்றிக்கொள்ளக் கூடாது என்பது எந்த ஊர் நியாயம்?

டிஸ்க் என்றால் ஏதோ இரும்பில் வார்த்த சாமான் என்ற நினைப்பு பலருக்கு உண்டு. அது 1.2 மில்லிமீட்டர் தடிமனில் ஒரு பாலிகார்பனேட் தகடு. முதல் பிளேஸ்டேஷனில் ஓடிய சிடியில், தகவல் பதிந்த அடுக்கு எங்கே இருக்கிறது தெரியுமா? படம் அச்சடித்த மேல் பக்கத்தில், ஒரு மெல்லிய லாக்கர் பூச்சுக்கு அடியில். எல்லோரும் பளபளக்கும் அடிப்பக்கத்தைப் பொத்திப் பொத்திப் பாதுகாப்பார்கள். அந்தப் பக்கம் லேசான கீறல் விழுந்தால் பாலிஷ் போட்டாவது ஒப்பேற்றலாம். மேல் பக்கம் ஆழமாகக் கீறினால் தகவலே போய்விடும், அந்த சிடியின் கதை முடிந்தது. டிவிடியில் இந்த அடுக்கு இரண்டு தகடுகளுக்கு நடுவே இருக்கிறது. புளூ-ரேயில் படிக்கும் பக்கத்திலிருந்து வெறும் 0.1 மில்லிமீட்டர் ஆழத்தில் இருக்கிறது, அதனால்தான் அதன் மேல் கெட்டியான பூச்சு பூசுகிறார்கள். ஆக, இது கெடக்கூடிய சரக்கு என்று தயாரிக்கிறவர்களுக்கு நன்றாகவே தெரியும். வீட்டில் நாலு வயதுத் தம்பி ஒருவன் இருந்தால் எவ்வளவு சீக்கிரம் கெடும் என்பதும் தெரியும்.

இனி வணிகச் சட்டத்துக்குப் போவோம். பி.காம். படிக்கிற யாரைக் கேட்டாலும் சரக்கு விற்பனைச் சட்டம், 1930-ன் 26-வது பிரிவை ஒப்பிப்பார்கள். வேறுவிதமாகப் பேசிக்கொள்ளாதவரை, சரக்கின் உடைமை வாங்குபவர் கைக்கு மாறும் வரை நஷ்ட அபாயம் விற்பவருடையது. உடைமை மாறிய பின் அபாயமும் வாங்கியவருடையது. பரீட்சைக்காகப் படித்து மறந்துவிடுகிற பிரிவுதான் என்றாலும், அதற்குள் ஒரு நேர்மை இருக்கிறது. பொருள் யாருடையதோ நஷ்டமும் அவருடையது. மாட்டை வாங்கி வீட்டுக்கு ஓட்டி வந்த பிறகு அது செத்தால் விற்றவன் சட்டையைப் பிடிக்க முடியாது. அதே சமயம் அந்த மாட்டுக்குக் கொட்டகை போடாதே, மருத்துவரிடம் காட்டாதே என்று சொல்ல விற்றவனுக்கும் உரிமை கிடையாது.

கேம் டிஸ்க் விஷயத்தில் இந்தக் கணக்கு தலைகீழ். கீறல் விழுந்த டிஸ்க்கைத் தூக்கிக்கொண்டு போனால், "நீங்கள் வாங்கிவிட்டீர்கள், உங்கள் பொருள், உங்கள் பொறுப்பு" என்பார்கள். சரி, என் பொருள்தானே, நகல் எடுத்துக்கொள்கிறேன் என்று வாங்கியவர் சொன்னால், "அதெப்படி? மென்பொருள் உங்களுக்கு விற்கப்படவில்லை, பயன்படுத்த உரிமம்தான் தரப்பட்டிருக்கிறது" என்று கையேட்டின் கடைசிப் பக்கத்துப் பொடி எழுத்தைக் காட்டுவார்கள். உடைந்தால் விற்பனை, உடையாமல் பாதுகாக்க நினைத்தால் உரிமம்! இரண்டில் ஏதாவது ஒன்றாக இருக்கட்டுமே. விற்பனை என்றால் வாங்கியவர் தன் சரக்கைக் காப்பாற்றிக்கொள்ளட்டும். உரிமம் என்றால் ஒரு டிஸ்க் கெட்டதால் உரிமம் செத்துப்போகாது. அப்படியானால் பிளாஸ்டிக்குக்கும் தபால் செலவுக்கும் ஆகிற காசை வாங்கிக்கொண்டு வேறு டிஸ்க் அனுப்ப வேண்டியது கம்பெனியின் வேலை. இந்த இரண்டில் எதையுமே செய்யாமல் புது கேமின் முழு விலையை இன்னொரு முறை கேட்பது, ஒரே சரக்குக்கு இரண்டு பில் போடுகிற வேலை.

டிஸ்க் கெடுவதெல்லாம் வாங்கியவரின் அஜாக்கிரதையால்தான் என்று ஒரு சப்பைக்கட்டு உண்டு. 2005-ல் வந்த எக்ஸ்பாக்ஸ் 360-ஐப் பாருங்கள். டிஸ்க் உள்ளே சுழன்றுகொண்டிருக்கும்போது பெட்டியைக் கொஞ்சம் அசைத்தால், டிஸ்க்கில் காம்பஸ் வைத்து வரைந்த மாதிரி வட்டமாகக் கீறல் விழுகிறது என்று அமெரிக்காவில் வழக்கே நடந்தது. மைக்ரோசாப்ட் தான் வெளியிட்ட கேம்களுக்கு மட்டும் 20 டாலர் வாங்கிக்கொண்டு மாற்று டிஸ்க் தந்தது. மற்ற கம்பெனிகளின் கேம் என்றால் அவரவர் தலைவிதி. வாங்கியவர்கள் கூட்டாக வழக்காட முடியுமா என்ற கேள்வி அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை ஏறி, 2017-ல் மைக்ரோசாப்டுக்குச் சாதகமாக முடிந்தது. அதுவும் மேல்முறையீட்டு நடைமுறை பற்றிய தீர்ப்பு. டிஸ்க்கைக் கீறியது யார் என்ற கேள்விக்குள்ளேயே நீதிமன்றம் போகவில்லை.

அந்த வழக்கில் மைக்ரோசாப்ட் தரப்பு சொன்ன ஒரு எண் சுவாரசியமானது. புகார் செய்தவர்கள் 0.4 சதவீதம்தானாம். சின்ன எண்தான். ஆனால் அந்த 0.4-க்குள் மாட்டிக்கொண்டவருக்கு நஷ்டம் 0.4 சதவீதம் இல்லையே, நூறு சதவீதம். நிகழ்வது அரிது, நிகழ்ந்தால் முழுதாகப் போய்விடும் என்கிற இடத்தில்தான் உலகமே காப்பீடு எடுக்கிறது. கேம் டிஸ்க்குக்குக் காப்பீடு ஒரு வெற்று டிவிடி. பிரீமியம் பத்து, இருபது ரூபாய். அதைக் கட்டக் கூடாது என்கிறார்கள்.

ஒரு காலத்தில் இந்தத் தொழிலுக்கு இதெல்லாம் புரிந்துதான் இருந்தது. ஃபிளாப்பியில் மென்பொருள் வந்த நாட்களில் பல கையேடுகளில் முதல் வேலையே "இந்த ஃபிளாப்பிக்கு ஒரு நகல் எடுத்துக்கொண்டு ஒரிஜினலைப் பத்திரப்படுத்துங்கள்" என்பதுதான். திருட்டு நகலுக்கு பயந்த கணினி கேம் கம்பெனிகளில் சில ஒரு நல்ல வழி வைத்திருந்தன. ஃபிளாப்பியை எத்தனை நகல் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். ஆனால் விளையாட ஆரம்பிக்கும்போது, கூடவே வந்த புத்தகத்தின் இன்ன பக்கத்தில் இன்ன வரியில் உள்ள சொல் என்ன என்று கேம் கேட்கும். புத்தகம் வைத்திருப்பவர் விளையாடலாம். எரிச்சலூட்டும் முறைதான், ஜெராக்ஸ் கடைகளுக்கு நல்ல வியாபாரமும்கூட. ஆனாலும் வாங்கியவரையும் திருடனையும் பிரித்துப் பார்க்க முயற்சியாவது செய்தது.

கன்சோல் பூட்டுகள் அந்த முயற்சியைக்கூட செய்யவில்லை. முதல் பிளேஸ்டேஷன் டிஸ்க்கின் உட்பகுதியில், தடம் லேசாக நெளிகிற மாதிரி அச்சடித்தார்கள். அந்த நெளிவுக்குள் நாலு எழுத்து ஒளிந்திருக்கும். ஜப்பானுக்கு எஸ்.சி.இ.ஐ., அமெரிக்காவுக்கு எஸ்.சி.இ.ஏ., ஐரோப்பாவுக்கு எஸ்.சி.இ.இ. என்று. கடையில் கிடைக்கும் சிடி ரைட்டரால் அந்த நெளிவைப் போட முடியாது. இதில் கூத்து என்னவென்றால், சாதாரண கணினியிலேயே அந்த டிஸ்க்கைப் படித்து நகல் எடுக்கலாம், யாரும் தடுக்கவில்லை. எடுத்த நகலை கன்சோலில் போட்டால் நாலெழுத்தைக் காணோம் என்று ஓட மறுக்கும். அதே பூட்டுதான் ஜப்பானில் முறையாகக் காசு கொடுத்து வாங்கிய ஒரிஜினல் டிஸ்க்கையும் அமெரிக்க கன்சோலில் ஓடவிடாமல் தடுத்தது. திருட்டைத் தடுக்கத்தான் பூட்டு என்றால், ஒரிஜினலுக்கு அங்கே என்ன தடை? ஊருக்கு ஒரு விலை வைத்து விற்க இந்தப் பூட்டு வசதியாக இருந்தது. மோட் சிப் என்று பெரிதாகப் பேசுகிறார்களே, அது செய்ததெல்லாம் அந்த நாலெழுத்தை கன்சோலின் காதில் ஓதியதுதான்.

சட்டம் என்ன செய்துகொண்டிருந்தது? அமெரிக்காவில் 1980-லேயே பதிப்புரிமைச் சட்டத்தின் 117-வது பிரிவில், கணினி நிரலின் பிரதியை வைத்திருப்பவர் காப்பு நகல் எடுத்துக்கொள்ளலாம் என்று எழுதிவிட்டார்கள். அதை நம்பி ஜே.எஸ். அண்ட் ஏ என்ற நிறுவனம் அட்டாரி கார்ட்ரிட்ஜ்களை நகலெடுக்கும் பிராம் பிளாஸ்டர் என்ற கருவியை விற்றது. 1983-ல் அட்டாரி வழக்குப் போட்டு அதற்குத் தடை வாங்கியது. நீதிமன்றம் சொன்ன காரணத்தைக் கவனியுங்கள். இந்தப் பிரிவு இயந்திரக் கோளாறாலோ மின்கோளாறாலோ அழியக்கூடிய ஊடகங்களுக்கானது, கார்ட்ரிட்ஜில் இருக்கும் ரோம் வகைச் சில்லு அப்படி அழியாது (எழுத முடியாத, படிக்க மட்டுமே முடிகிற சில்லு அது), ஆகவே காப்பு நகல் தேவையில்லை. விவாதத்துக்காக இதை ஒத்துக்கொள்வோம். அப்படியானால் கேம்கள் கார்ட்ரிட்ஜை விட்டு, கீறினால் கெட்டுப்போகும் டிஸ்க்குக்கு மாறியபோது காப்பு நகல் உரிமைக்குப் புது உயிர் வந்திருக்க வேண்டுமல்லவா?

வந்தது வேறொன்று. 1998-ல் டிஎம்சிஏ என்ற சட்டம். நகல் எடுப்பதைப் பற்றி அது பேசவில்லை. நகலைத் தடுக்கும் பூட்டைத் திறப்பதையும், திறக்கும் கருவியை விற்பதையும் தவறாக்கிவிட்டது. 117-வது பிரிவு புத்தகத்தில் அப்படியே இருக்கிறது, யாரும் அதை நீக்கவில்லை. சாப்பாட்டை இலையில் வைத்துவிட்டுக் கையைக் கட்டிப்போட்ட மாதிரி. டிவிடிகளுக்கும் கணினி கேம்களுக்கும் நகலெடுக்கும் மென்பொருள் விற்ற 321 ஸ்டுடியோஸ் நிறுவனம், சினிமா கம்பெனிகளும் கேம் கம்பெனிகளும் தொடுத்த வழக்குகளில் அடிபட்டு 2004-ல் கடையை மூடியது. இருபது வருடம் கழித்து, 2024-ல், யூஸு என்ற எமுலேட்டரைச் செய்தவர்கள் மேல் நின்டெண்டோ வழக்குப் போட்டபோதும் இதே ஆயுதம்தான். சொந்தமாக வாங்கிய கேமாகவே இருந்தாலும், அதன் மறையாக்கத்தைத் திறப்பது பூட்டை உடைப்பதுதான் என்பது அதன் வாதங்களில் ஒன்று. வழக்கு நடக்கவே இல்லை. 24 லட்சம் டாலர் தருகிறோம் என்று எதிர்த்தரப்பு மறு மாதமே சமரசம் ஆகிவிட்டது. அந்த வாதம் சரியா தவறா என்று எந்த நீதிபதியும் அங்கே சொல்லவில்லை.

நீதிபதிகள் எல்லோரும் இப்படித்தான் பார்த்தார்கள் என்றும் இல்லை. ஆஸ்திரேலியாவில் மோட் சிப் விற்றவர் மேல் சோனி தொடுத்த வழக்கில், 2005-ல் அந்நாட்டின் உயர்ந்த நீதிமன்றம் ஒருமனதாக சோனிக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. பிளேஸ்டேஷன் பூட்டு நகல் எடுப்பதைத் தடுக்கவில்லை, எடுத்த நகல் ஓடுவதைத்தான் தடுக்கிறது, ஆகவே சட்டம் சொல்லும் பாதுகாப்பு ஏற்பாட்டுக்குள் அது அடங்காது என்றது. அதற்குள் அமெரிக்காவோடு போட்ட வர்த்தக ஒப்பந்தம் அமலுக்கு வந்திருந்தது. அதன்படி அடுத்த வருடமே, 2006-ல், ஆஸ்திரேலியா தன் சட்டத்தை மாற்றி எழுதியது. நீதிமன்றத்தில் தோற்றதை ஒப்பந்தத்தில் ஜெயித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது!

காப்பு நகல், காப்பு நகல் என்று சொல்லிக்கொண்டு எல்லோரும் திருட்டு டிவிடிதானே போட்டார்கள் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. மோட் சிப் போட்டவர்களில் பெரும்பாலோர் பீரோவில் ஒரிஜினலை வைத்துப் பூட்டிய உத்தமர்கள் என்று யாரும் சத்தியம் செய்ய வேண்டாம். பர்மா பஜாரில் பிளேஸ்டேஷன் 2 கேம் அடுக்கி வைத்து விற்றது ஊருக்கே தெரியும். ஆனால் இந்தப் பூட்டால் அடிபட்டது யார் என்று பாருங்கள். திருட்டு டிவிடி வாங்கியவருக்குக் கீறல் ஒரு பிரச்சினையே இல்லை. நூறு ரூபாய் வட்டாரத்தில் இன்னொன்று வாங்கிக்கொள்வார், கடைக்காரர் பழக்கமானவர் என்றால் சும்மாவே மாற்றிக் கொடுப்பார். மாற்று டிஸ்க் கொடுக்கும் வாடிக்கையாளர் சேவை அங்கேதான் இருந்தது :-) ஆயிரக்கணக்கில் கொட்டி ஒரிஜினல் வாங்கினவர்தான் டூத்பேஸ்ட்டோடு உட்கார்ந்திருந்தார். நேர்மைக்கு அபராதம் போடுகிற ஏற்பாடு எந்தத் திருடனையும் திருத்தாது. அடுத்த முறை பஜார் பக்கம் போகலாமா என்று நேர்மையானவரை யோசிக்க வைக்கும்.

வாடகைக்கு எடுத்து நகல் போட்டுவிட்டுத் திருப்பிக் கொடுப்பார்கள், நகல் எடுத்துக்கொண்டு ஒரிஜினலை விற்றுவிடுவார்கள் என்பது இன்னொரு வாதம். உண்மை, செய்வார்கள். அதற்கான விடை அதே 117-வது பிரிவிலேயே இருக்கிறது. ஒரிஜினலை வைத்திருக்கும் உரிமை போனால் காப்பு நகலை அழித்துவிட வேண்டும், விற்றால் நகலையும் சேர்த்தே கொடுத்துவிட வேண்டும். விதி இருக்கிறது, மீறுபவனைப் பிடியுங்கள். ஜெராக்ஸ் மெஷினால் புத்தகத் திருட்டு நடக்கிறது என்று ஊரில் உள்ள ஜெராக்ஸ் கடைகளையெல்லாம் மூடிவிட்டார்களா என்ன?

இந்தியச் சட்டத்தைப் பார்த்தால் ஆச்சரியம்தான். பதிப்புரிமைச் சட்டம், 1957-ல் 52-வது பிரிவு, கணினி நிரலை முறைப்படி வைத்திருப்பவர் இழப்பு, அழிவு, சேதம் இவற்றுக்கு எதிரான தற்காலிகப் பாதுகாப்பாகக் காப்பு நகல் எடுப்பது மீறல் ஆகாது என்கிறது. 1994 திருத்தத்தில் வந்தது. கேம் என்பது நிரல் மட்டுமா, அதிலுள்ள இசையும் படமும் தனித்தனிப் படைப்புகளா என்று வக்கீல்கள் மல்லுக்கட்ட இடமிருக்கிறது. ஆனாலும் வாசல் திறந்துதான் இருக்கிறது. 2012-ல் பூட்டு உடைப்பைக் குற்றமாக்கும் 65ஏ பிரிவைச் சேர்த்தபோதும், அமெரிக்காவை அப்படியே காப்பி அடிக்கவில்லை. உரிமையை மீறும் நோக்கத்தோடு உடைத்தால்தான் குற்றம், இரண்டு வருடம் வரை சிறையும் அபராதமும். இந்தச் சட்டம் வெளிப்படையாகத் தடை செய்யாத காரியத்துக்காகத் திறப்பதை இந்தப் பிரிவு தடுக்காது. இன்னொருவர் திறந்து கொடுத்தால், யாருக்காகத் திறந்தார் என்ற பெயர், முகவரி, காரணம் எல்லாவற்றையும் பதிவேட்டில் எழுதி வைக்க வேண்டும். அதாவது ரிச்சி ஸ்ட்ரீட்டில் மோட் சிப் போடுகிற கடைக்காரர் கல்லாவுக்குப் பக்கத்தில் ஒரு பேரேடு வைத்து, "இன்னார், இன்ன தெரு, காப்பு நகல் ஓட்டுவதற்காக" என்று எழுதியிருக்க வேண்டும். எழுதினால் யார் வேண்டாம் என்றார்கள்? நோக்கத்தைப் பார் என்று சொல்கிற இந்தச் சட்டம், பூட்டை மட்டும் பார் என்று சொல்கிற சட்டத்தைவிட எவ்வளவோ மேல். அமெரிக்கக் கம்பெனியின் உரிமப் பொடி எழுத்தைப் படித்துவிட்டு இங்கே இருப்பவர்களும் காப்பு நகல் என்றாலே குற்றம் என்று நம்பிக்கொண்டிருப்பதுதான் வேதனை.

கெட்டுப்போனால் மறுபடி வாங்கிக்கொள்ளலாமே, அதற்குப் போய் ஏன் இவ்வளவு பேச்சு என்பவர்களுக்கு ஒரு எண். வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளியான பழைய கேம்களில் 87 சதவீதம் இன்று விற்பனையிலேயே இல்லை. எங்கே போய் மறுபடி வாங்குவது? டவுன்லோடு கடைகளும் நிலைப்பதில்லை. வீ கன்சோலின் கடை 2019-ல் மூடியது. 3டிஎஸ், வீ யூ கடைகளில் விற்பனை 2023 மார்ச்சில் நின்றது, எக்ஸ்பாக்ஸ் 360 கடையில் 2024 ஜூலையில். யூபிசாஃப்ட் தன் "தி க்ரூ" என்ற கார் பந்தய கேமின் சர்வரை 2024 மார்ச் 31-ல் அணைத்தது. தனியாக உட்கார்ந்து விளையாடக்கூட சர்வர் வேண்டும் என்று செய்து வைத்திருந்ததால், டிஸ்க்கில் ஒரு கீறல்கூட இல்லாமல் பளபளவென்று வைத்திருந்தவர்களுக்கும் கேம் போய்விட்டது.

2025 ஜூனில் வந்த நின்டெண்டோ ஸ்விட்ச் 2-ல் கேம்-கீ கார்டு என்று ஒன்றைச் சேர்த்திருக்கிறார்கள். கடையில் பெட்டியோடு, கார்டோடு விற்கிறார்கள். ஆனால் கார்டுக்குள் கேம் இல்லை, திறவுகோல் மட்டும்தான். கன்சோலில் செருகியதும் இணையத்திலிருந்து கேம் இறங்கும். அதன் பிறகும் விளையாட கார்டு செருகியே இருக்க வேண்டும். கார்டு தொலைந்தால் வாங்கியவர் பாடு, சர்வர் நின்றாலும் வாங்கியவர் பாடு. ஒரு நல்ல நாளில் யாராவது அந்தக் கார்டுக்குக் காப்பு நகல் எடுக்கலாம் என்று உட்கார்ந்தால், உள்ளே நகலெடுக்க கேமே இருக்காது.